கோடும் கோட்டையும்!

மயிலாடுதுறை மணிக்கூண்டுப் பக்கத்துத் தேநீர்க் கடைகளிலே பொழுது புலரும் முன்பே கூட்டம் சேர்ந்துவிடும். மூட்டை சுமக்கும் தோழர் இருப்பார். நடவுக்குப் புறப்பட்ட தோழர் இருப்பார். முதல் பேருந்துக்குக் காத்திருக்கும் கொத்தனார் இருப்பார். கடைக்கு வருவது ஒரே ஒரு பத்திரிகை. அதற்கு நீளும் கைகளோ பத்து! ஒருவர் பிரித்து உரக்கப் படிப்பார், மற்றவர்கள் காதால் படிப்பார்கள். தலையங்கத்தைத் தொட்டால் பாதிப் பேர் எழுந்து போய்விடுவார்கள். அலட்சியம் அல்ல, வேலைக்கு நேரமாகிவிட்டது! ஆனால் அதே தாளின் ஒரு மூலையிலே கருத்துப்படம் இருக்கிறதே, அதைப் பார்க்காமல் எழுந்து போகிறவர் உண்டா? எழுத்துக் கூட்டத் தெரியாத பெரியவர்கூடத் தாளை வாங்கிக் கண்ணுக்கருகே பிடித்துப் பார்ப்பார். பார்த்துவிட்டுச் சிரிப்பார். "நல்லாத்தான்யா போட்டிருக்கான்!" என்பார்.

அந்தச் சிரிப்பு இருக்கிறதே, அதுதான் ஆள்வோருக்கு ஆகாத சிரிப்பு! பத்திபத்தியாகக் கட்டுரை தீட்டுங்கள், 'எழுதிவிட்டுப் போகட்டும்' என்று இருந்துவிடுவார்கள். சட்டமன்றத்திலே மணிக்கணக்கில் முழங்குங்கள், நடவடிக்கைக் குறிப்பிலே பதிந்துகொண்டு கொட்டாவி விடுவார்கள். ஆனால் நாலு கோடு கிழித்தவன் வீட்டு வாசலிலே மட்டும் போலீஸ் வண்டி வந்து நிற்கும். ஏன் இந்த நடுக்கம்? கோட்டையிலே வீற்றிருப்பவர்கள், கேவலம், ஒரு கோட்டைக் கண்டு அஞ்சுவது ஏன்?

இந்தக் கேள்விக்கு விடை தேட வெகுதூரம் போகவேண்டாம். நெல்லைக்குப் போனால் போதும்.

2017-ஆம் ஆண்டு அக்டோபர் 23, திங்கட்கிழமை. மாவட்ட ஆட்சியர் அலுவலகத்திலே மக்கள் குறை தீர்க்கும் நாள். குறை தீர்க்கும் நாள் என்பது பெயர். அன்று மூண்ட நெருப்பிலே தீர்ந்து போனவை நான்கு உயிர்கள்! கூலித் தொழிலாளி ஒருவர், மனைவியுடனும் பச்சிளங் குழந்தைகள் இருவருடனும் அந்த வளாகத்துக்கு வந்தார். கந்துவட்டிக் கொடுமை தாளாமல் பலமுறை மனு கொடுத்தவர். வாங்கிய கடன் 1 லட்சத்து 45 ஆயிரம் ரூபாய். கட்டியது 2 லட்சத்து 34 ஆயிரம் ரூபாய். அதற்குப் பிறகும் வட்டிக்காரரின் பிடி தளரவில்லை என்று அந்நாள் ஏடுகள் எழுதின. கந்துவட்டியைத் தடுக்க 2003-லேயே தமிழ்நாட்டில் சட்டம் வந்துவிட்டது. சட்டம் ஏட்டிலே இருந்தது. நெருப்பு அந்தக் குடும்பத்தின் மேலே இருந்தது. நால்வரும் மாண்டனர்.

நாடே பதறியது. பதறியவர்களில் ஒருவர் பாலா. தூரிகை பிடித்த கை சும்மா இருக்குமா? வரைந்தார். எரிந்து கிடக்கும் ஒரு குழந்தை. அதைப் பார்த்துக்கொண்டு மூவர்: அன்றைய முதலமைச்சர் எடப்பாடி பழனிசாமி, மாவட்ட ஆட்சியர், மாநகரக் காவல்துறை ஆணையர். மூவர் உடம்பிலும் துணி இல்லை. ரூபாய் நோட்டுக் கட்டுகளால் மானத்தை மறைத்துக்கொண்டு நிற்கிறார்கள். அவ்வளவுதான் படம்!

அதை முகநூலிலே போட்டார். பார்த்தவர் பகிர்ந்தார், பகிர்ந்ததை இன்னொருவர் பகிர்ந்தார். பல்லாயிரம் பேர் கைக்குப் போய்ச் சேர்ந்தது.

நவம்பர் 5, ஞாயிற்றுக்கிழமை. ஊரெல்லாம் ஓய்ந்திருக்கும் நாளில், சென்னையை அடுத்த கோவூரிலே பாலாவின் வீட்டுக்கு நெல்லையிலிருந்து போலீசார் வந்தார்கள். ஏறக்குறைய 600 கிலோமீட்டர்! மாவட்ட ஆட்சியர் தந்த புகாரின் பேரில் வழக்கு. இந்திய தண்டனைச் சட்டம் 501-ஆவது பிரிவு: அவதூறானதை அச்சிடுதல். தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67-ஆவது பிரிவு: ஆபாசத்தை வெளியிடுதல். ஏழையின் மனுவுக்குக் கிட்டாத வேகம், ஏழைக்காக வரைந்த படத்துக்குக் கிட்டியது! மனு நடந்து வந்தது, காத்திருந்தது, கருகியது. படமோ, போலீஸ் வண்டியையே 600 கிலோமீட்டர் ஓட வைத்தது!

பத்திரிகையாளர்கள் வீதிக்கு வந்து கண்டித்தார்கள். மறுநாளே நெல்லை நீதிமன்றம் பாலாவைப் பிணையில் விட்டது. வெளியே வந்தவர் என்ன சொன்னார்? இனி அடங்கியிருப்பேன் என்றா? இல்லை, தொடர்ந்து வரைவேன் என்றார். வரையவும் செய்தார். 2021-இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, அந்த வழக்கையே ரத்து செய்தது. நான்காண்டு கழித்து நீதி சொன்னது, படம் குற்றம் அல்ல என்று. ஆனால் அந்த ஞாயிற்றுக்கிழமையை யார் திருப்பித் தருவார்கள்?

யார் இந்தப் பாலா? 'குமுதம்' இதழிலே கார்ட்டூனிஸ்டாகப் பணியாற்றியவர். பெரிய பத்திரிகை, பெரிய விற்பனை. அங்கே அடங்கி ஒடுங்கிக் காலம் தள்ளியிருக்கலாம். ஆனால் பத்திரிகையிலே ஒரு படம் வாசகன் கண்ணுக்கு வருமுன் எத்தனை வாசற்படி தாண்ட வேண்டும் தெரியுமா? ஆசிரியர் பார்க்க வேண்டும். முதலாளி முகம் சுளிக்கக்கூடாது. விளம்பரம் தருபவர் வருந்தக்கூடாது. வக்கீல் தலையசைக்க வேண்டும். ஒவ்வொரு வாசற்படியிலும் படத்தின் ஒரு பல் உதிரும். கடைசியிலே வந்து சேருவது பல்லில்லாப் புலி! பாலா அந்த வாசற்படிகளை விட்டு வெளியேறினார். 'லைன்ஸ் மீடியா' என்று சொந்தமாக இணையதளம் வைத்தார். முதலாளி இல்லை, விளம்பரக்காரர் இல்லை. கோட்டுக்கும் மக்களுக்கும் நடுவே குறுக்குச் சுவர் இல்லை.

சுதந்திரம்தான்! ஆனால் அந்தச் சுதந்திரத்துக்கு விலையும் உண்டு. பத்திரிகையிலே வரைபவனுக்கு வழக்கு வந்தால், நிர்வாகம் உடன் நிற்கும், வக்கீல் வருவார், மாதம் பிறந்தால் சம்பளம் வரும். தனியே வரைபவனுக்கு? கதவைத் தட்டினால் அவனேதான் திறக்க வேண்டும்!

தனியே வரையும் இந்தக் கூட்டம் நம் நாட்டுக்கு மட்டும் உரியதல்ல, தோழர்களே. மேலை நாட்டிலே இவர்களுக்கு ஒரு பெயர் உண்டு. நிலத்தடிக் கலைஞர்கள் என்பார்கள். ஒளிந்து வாழ்பவர்கள் என்று பொருள் அல்ல. கடை வழியாக, கம்பெனி வழியாக வராமல், கைக்குக் கை மாறும் ஏடுகளிலே வரைபவர்கள். 1970-களின் நடுவிலே, நியூயார்க்கிலும் லண்டனிலும் 'பங்க்' என்று ஓர் இளைஞர் கூட்டம் கிளம்பியது. அந்தச் சொல்லுக்கு அவர்கள் மொழியிலே காவாலி, உதவாக்கரை என்று பொருள். வேலையில்லா வாலிபர்கள், 'ஆமாம், நாங்கள் உதவாக்கரைகள்தான்!' என்று அந்த வசைச் சொல்லையே பட்டமாக்கிக் கொண்டார்கள். நமக்குப் புரியாததா இது? 'கூத்தாடிகள் கட்சி' என்று நம்மைத்தான் ஏசினார்கள். அந்தக் கூத்தாடிகள்தான் 1967-இல் கோட்டைக்குள் நுழைந்தார்கள்!

அந்தப் பங்க் இளைஞர்களுக்குப் பாட்டு ஒரு கை என்றால், ஏடும் படமும் இன்னொரு கை. 1976-இல் லண்டனிலே ஒரு வங்கி குமாஸ்தா, தட்டச்சு அடித்து, பேனாவால் தலைப்பெழுதி, நகல் எடுத்து, 'ஸ்னிஃபின் க்ளூ' என்று ஓர் ஏடு போட்டார். பார்த்த பையன்கள் ஊருக்கு ஊர் தாங்களும் ஏடு தொடங்கினார்கள். 1977-இல் எலிசபெத் அரசியின் வெள்ளிவிழாவை நாடே கொண்டாடியபோது, ஜேமி ரீட் என்ற ஓவியர், அரசியின் படத்தை எடுத்துக் கண்ணையும் வாயையும் வெட்டி ஒட்டிய எழுத்துகளால் மூடினார். 'செக்ஸ் பிஸ்டல்ஸ்' குழுவின் இசைத்தட்டுக்கு அந்தப் படம். பிபிசி வானொலி அந்தப் பாட்டை ஒலிபரப்ப மறுத்தது. மறுத்ததால் என்ன? அந்தப் படத்தை இன்றும் உலகம் பார்த்துக்கொண்டிருக்கிறது!

அந்த மரபிலே வந்தவர் ஒருவரின் கதை, நெஞ்சை உறுத்தும் கதை. அமெரிக்காவின் ஃபுளோரிடா மாநிலம். மைக் டயானா என்ற இளைஞர். தந்தையின் மளிகைக் கடையிலே வேலை. மிச்ச நேரத்திலே வரைவார். 'வெந்த தேவதை' என்று பொருள்படும் ஆங்கிலப் பெயரிலே ஓர் ஏடு. அச்சிட்டது ஏறத்தாழ 300 படிகள்தான். நம் ஊர்த் திருமண அழைப்பிதழே அதைவிட அதிகம் அடிக்கிறார்கள்! அவருடைய படங்கள் கோரமானவை. நான் மறைக்கவில்லை, நம் வீட்டுக் கூடத்திலே மாட்டக்கூடிய படங்கள் அல்ல. வழிபாட்டிடத்தின் மறைவிலே குழந்தைகளுக்கு நடக்கும் கொடுமையை, பார்ப்பவன் வயிறு கலங்கும்படி வரைந்தார். போலீஸ் அதிகாரி ஒருவர், தானும் ஓர் ஓவியன் என்று பொய் சொல்லித் தபாலில் அந்த ஏட்டை வரவழைத்தார். 1994-இல் வழக்கு விசாரணை. குற்றவாளி என்றார்கள். அப்போது அவருக்கு வயது 24.

தண்டனையைக் கேளுங்கள். 3 ஆண்டு கண்காணிப்பு. 3,000 டாலர் அபராதம். 1,248 மணி நேரம் ஊதியமற்ற ஊர்ப்பணி. இவற்றையெல்லாம்விடக் கொடுமை ஒன்று உண்டு. ஆபாசம் என்று கருதத்தக்க எதையும் அவர் தன் வீட்டுக்குள்கூட, தனக்காகக்கூட வரையக்கூடாது! வரைகிறாரா என்று பார்க்கப் போலீசார் எப்போது வேண்டுமானாலும் வந்து சோதிக்கலாம்! பேச்சுச் சுதந்திரத்தை அரசியல் சட்டத்தின் முதல் திருத்தத்திலேயே எழுதி வைத்திருக்கிறோம் என்று மார் தட்டும் நாட்டிலே, ஒருவன் தன் வீட்டு மேசையிலே, தன் காகிதத்திலே, தன் பென்சிலால் கோடு கிழிக்கத் தடை! 1997-இல் அந்நாட்டு உச்சநீதிமன்றமும் அவருடைய மேல்முறையீட்டை ஏற்க மறுத்தது. அந்நாட்டிலே ஓவியத்துக்காக ஆபாசக் குற்றத்திலே தண்டிக்கப்பட்ட முதல் கலைஞர் என்று அவரைச் சொல்கிறார்கள். அவரோ நியூயார்க்குக்குக் குடிபெயர்ந்து இன்னும் வரைந்தார். 2018-இல் அவர் கதை திரைப்படமாக வந்தது.

300 படி ஏடு! அதற்கு இவ்வளவு அச்சம்! நெல்லையிலே ஒரே ஒரு படம்! அதற்கு அவ்வளவு ஓட்டம்! ஏன்?

எழுத்தை மறுக்கலாம், தோழர்களே. 'புள்ளிவிவரம் தவறு' என்று அறிக்கை விடலாம். 'மேற்கோளைத் திரித்துவிட்டார்கள்' என்று சாதிக்கலாம். சிரிப்பை எப்படி மறுப்பது? சிரித்தவன் சிரித்துவிட்டான்! அதிகாரம் என்பது பாதி படைபலம், பாதி தோரணை. படையைப் படம் ஒன்றும் செய்ய முடியாது. ஆனால் தோரணையை உரித்துவிடும். அரசனை ஆடையின்றி ஒருமுறை பார்த்துச் சிரித்த குடிமகன், மறுநாள் அவனைப் பட்டுப் பீதாம்பரத்தோடு பார்த்தாலும் சிரிப்பான். அதுதான் அச்சம்! அதிலும் அந்தச் சிரிப்பு எழுத்தறியாதவனுக்கும் புரிகிறது என்பதுதான் பேரச்சம்!

இந்த அச்சத்தின் வரலாறு தமிழ்நாட்டிலே நீளமானது. பாரதியின் சில கருத்துகளோடு நமக்கு உடன்பாடு இல்லாமல் இருக்கலாம். ஆனால் 1906-இல் தொடங்கிய 'இந்தியா' வார ஏட்டிலே அரசியல் கேலிச்சித்திரத்தைத் தமிழனுக்குக் கொண்டுவந்தவர் அவர். 1908-இல் என்ன நடந்தது? ஆசிரியர் என்று பதிவாகியிருந்த சீனிவாசன் மீது ராஜத்துரோக வழக்கு, ஐந்தாண்டுச் சிறை. பாரதி புதுவைக்குப் போனார். ஏடும் புதுவைக்குப் போனது. அங்கிருந்து எல்லை தாண்டி வந்த படிகளுக்கும் ஆங்கில ஆட்சி தடை போட்டது.

வெள்ளைக்காரன் போனான், அச்சம் போயிற்றா? 1987-ஆம் ஆண்டு 'ஆனந்த விகடன்' அட்டையிலே ஒரு நகைச்சுவைப் படம். மேடையிலே இருப்பவர்களில் சட்டமன்ற உறுப்பினர் யார், அமைச்சர் யார் என்று ஒருவர் கேட்க, ஒருவரைப் பிக்பாக்கெட்காரர் என்றும், மற்றவரை முகமூடிக் கொள்ளைக்காரர் என்றும் அடையாளம் காட்டும் கிண்டல். அதற்கு ஆசிரியர் பாலசுப்பிரமணியனுக்குச் சட்டமன்றம் தந்த பரிசு, 3 மாதக் கடுங்காவல்! எதிர்ப்பு வெடித்ததால் சில நாளிலே விடுவித்தார்கள். அவர் விடவில்லை. வழக்காடினார். 1994-இல் உயர்நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்து, 1,000 ரூபாய் இழப்பீடும் தரச் சொன்னது.

2025 பிப்ரவரியில் நடந்ததை நீங்களே பார்த்தீர்கள். அமெரிக்கா நம் நாட்டவருக்கு விலங்கு பூட்டி விமானத்திலே திருப்பி அனுப்பியது. பிரதமர் வாய் திறக்கவில்லையே என்று, டிரம்புக்குப் பக்கத்திலே அவர் விலங்கோடு அமர்ந்திருப்பதாக விகடனின் இணைய இதழ் படம் போட்டது. விகடனின் இணையதளமே முடங்கியது! மார்ச்சில் உயர்நீதிமன்றம் தலையிட்டது. அந்தப் படத்தை அப்போதைக்கு எடுத்து வைத்தால் தளத்தைத் திறந்துவிடலாம் என்றது. விலங்கைப் பூட்டியவர் மேலே வராத கோபம், விலங்கை வரைந்தவர் மேலே வந்தது.

இத்தனையும் எதற்குச் சொல்கிறேன்? எதிரிகளின் பட்டியலைப் படித்துக் காட்டிக் கைதட்டல் வாங்கவா? அல்ல. நம்மைப் பார்த்தே ஒன்று கேட்க வேண்டியிருக்கிறது.

பாலா நம் கட்சிக்காரர் அல்லர். நம் கழகத்தையும், நம் தலைவர்களையும் கூர்மையாகக் கேலி செய்து வரைந்தவர். அந்தப் படங்களைப் பார்த்தபோது நாம் சிரித்தோமா? நெஞ்சிலே கை வைத்துச் சொல்லுங்கள். எடப்பாடியாரை வரைந்தபோது 'கருத்துச் சுதந்திரம்' என்றோம். நம்மவரை வரைந்தபோது 'கண்ணியம் வேண்டாமா?' என்றோம். கைபேசியிலே நம் இளந்தோழர்கள் சிலர் வசைமாரி பொழிந்ததும் உண்டு. இரண்டு தராசு வைத்திருப்பவன் வியாபாரியாக இருக்கலாம், தோழர்களே. இலட்சியவாதியாக இருக்க முடியாது!

'அம்மணமாக வரைவது பண்பாடா?' என்று கேட்கும் தோழருக்கும் விடை சொல்கிறேன். எனக்கும் அந்தப் படம் இனிக்கவில்லை. இனிப்பதற்காக வரைந்த படமும் அல்ல அது! குறை தீர்க்கும் நாளிலே குழந்தை எரிவது ஆபாசமா, அதைக் கண்டு நெஞ்சு பொறுக்காமல் கிழித்த கோடு ஆபாசமா? அருவருப்பு படத்திலே இருந்தால், அது நாட்டிலே இருந்து படத்துக்குப் போனது. கண்ணாடியை உடைத்தால் முகம் அழகாகிவிடாது!

நாம் எங்கிருந்து வந்தோம் என்பதை மறந்துவிடக்கூடாது. மயிலாடுதுறைக்குக் கூப்பிடு தூரத்திலே இருக்கிறது திருவாரூர். அங்கே பள்ளிப் பருவத்திலேயே 'மாணவ நேசன்' என்று கையெழுத்து ஏடு நடத்தினார் கலைஞர். 1942 ஆகஸ்ட் 10-ஆம் நாள், 18 வயதிலே, 'சேரன்' என்ற புனைபெயரிலே அவர் வெளியிட்ட 'முரசொலி' என்ன? பெரிய அச்சகம், பெரிய முதலீடு, வழவழப்புத் தாளா? இல்லை, ஒரு துண்டறிக்கை! லண்டன் வங்கி குமாஸ்தா நகலெடுத்து ஏடு போடுவதற்கு 34 ஆண்டுகளுக்கு முன்பே, காவிரிக் கரைப் பையன் அதைச் செய்துவிட்டான். இதோ நம் ஊருக்குப் பக்கத்து மூவலூர் இராமாமிர்தம் அம்மையார், ஒரு கொடுமையின் முகத்திரையைக் கிழித்து 1936-லேயே நாவல் எழுதினார். அந்தப் பழக்கத்தைக் கட்டிக் காத்தவர்கள் அவருக்கு வாழ்த்துப் பா பாடினார்களா? ஏசினார்கள், எதிர்த்தார்கள். நம் இயக்கமே, கனவான்கள் முகம் சுளித்த இயக்கம். முகம் சுளிக்கும் கனவான்களாக நாம் மாறிவிடலாமா?

நான் கேட்பது பெரிதொன்றும் இல்லை. நாளை ஒருவன் நம்மை வரைந்தால், புகார் மனுவோடு காவல் நிலையத்துக்கு ஓடாதீர்கள். அவன் தாயை, தங்கையை ஏசாதீர்கள். படத்தைப் பாருங்கள். பொய் என்றால், படத்துக்குப் படத்தால் பதில் சொல்லுங்கள்; நம்மிடம் தூரிகை பிடிக்கும் இளைஞர் இல்லையா? ஊர்ப் படிப்பகத்திலே ஒரு பலகை ஒதுக்குங்கள். வரையத் தெரிந்த பையன், பெண் யாராயினும் வந்து ஒட்டட்டும். மெய் என்றால், வரைந்தவனைத் திருத்தாதீர்கள். நம்மைத் திருத்திக் கொள்ளுங்கள்.

மூத்த தோழர்கள் ஒரு நிகழ்ச்சியைச் சொல்லிக் கேட்டிருக்கிறோம். காஞ்சியிலே தேர்தல் நேரம். அண்ணாவைக் கூசும் சொற்களால் ஏசிப் பலகை எழுதி வைத்துவிட்டார்கள் எதிரிகள். நம் தோழர்கள் கொதித்தெழுந்தார்கள், உடைத்தெறியப் புறப்பட்டார்கள். அண்ணா தடுத்தார். பகலிலே மட்டும்தானே மக்கள் இதைப் படிக்கிறார்கள், இரவிலும் படிக்கட்டும் என்று சொல்லி, அந்தப் பலகைக்குப் பக்கத்திலே ஒரு விளக்கு ஏற்றி வைக்கச் சொன்னாராம்!

விளக்கு! சிறைக்கதவு அல்ல, வழக்கு மன்றம் அல்ல. விளக்கு! தன் மேலே நம்பிக்கை உள்ளவன் விளக்கு வைக்கிறான். நம்பிக்கை இழந்தவன் போலீசை அனுப்புகிறான்.

நாளைக் காலையும் மணிக்கூண்டுப் பக்கத்துக் கடையிலே பத்திரிகை வரும். எழுத்தறியாத அந்தப் பெரியவர் தாளை வாங்கிப் பார்ப்பார். அதிலே இருப்பது எதிரியின் முகமாகவும் இருக்கலாம், நம் முகமாகவும் இருக்கலாம். அவர் சிரிக்கட்டும்! அந்தச் சிரிப்பைத் தாங்கும் கோட்டைதான் நிற்கும்.